உறங்கும் முன் அணைக்க வேண்டிய நெருப்பு

 

எல்லாப் புகழும் அல்லாஹ்வுக்கே. மதீனாவில் ஓரிரவு ஒரு வீடு, அதில் வசித்தோர் உள்ளிருக்கவே தீக்கிரையானது. செய்தி எட்டியதும் நபி (ஸல்) அவர்கள், நெருப்பு மனிதருக்குப் பகை என்பதை உணர்த்தி, உறங்குமுன் அதனை அணைத்துவிடப் பணித்தார்கள். அபூமூஸா (ரலி) அறிவிக்கும் இச்செய்தி புகாரியில் உள்ளது.

இன்று அணைப்பதற்கு விளக்கேது என்று கேட்கலாம். தொங்கவிடப்பட்ட விளக்கினால் தீப்பற்றும் அச்சம் இல்லையெனில் அதனை எரிய விடுவதில் குற்றமில்லை என இமாம் நவவீ (ரஹ்) விளக்கியுள்ளார்கள். தடைக்குரிய காரணம் அங்கில்லை. அப்படியாயின், காரணம் இருக்குமிடத்தில் கட்டளையும் இருக்கிறது. இரவில் திறந்தே விடப்பட்ட ரெகுலேட்டருக்குச் சுடர் இல்லை. ஆனால் அதன் கீழே 14.2 கிலோ எரிவாயு இருக்கிறது. அதனை மூடிவிட்டு உறங்குவது இந்நபிமொழியைப் பேணுவதே என்பது என் கருத்து.

2025 நவம்பர் 11 அன்று அரியலூர் மாவட்டம் வாரணவாசியில் சிலிண்டர் லாரி கவிழ்ந்து தீப்பற்றியது; சிலிண்டர்கள் அடுத்தடுத்து வெடித்தன. அத்தகைய சிலிண்டர்தான் நம் அடுப்படியிலும் நிற்கிறது.

சமையல் எரிவாயு காற்றைவிடக் கனமானது. மேலெழாது, தரையோடு பரவி மூலைகளிலும் கட்டிலுக்கடியிலும் தேங்கும். காற்றில் நூற்றுக்கு இரண்டு பங்கு அளவில் கலந்தாலே ஒரு பொறி போதும். இயல்பில் அதற்கு மணமில்லை. கசிவை நாம் அறியவேண்டும் என்பதற்காகவே எத்தில் மெர்கேப்டன் என்னும் நாற்றப் பொருளைக் கலக்கிறார்கள். அந்த வாடையைப் போக்க ஊதுபத்தி கொளுத்துவோரும் உண்டு! வெள்ளி இரவின் சாம்பிராணிக்கும் இதே எச்சரிக்கைதான்.

வாடை வந்தால் ரெகுலேட்டரை மூடுங்கள். எந்த ஸ்விட்சையும் தொடாதீர்கள். போடுவது மட்டுமன்று, அணைப்பதும் பொறி எழுப்பும். மின்விசிறியும் கூடாது. கதவு, சன்னல்களைக் கையால் திறந்துவிட்டுக் குழந்தைகளையும் முதியோரையும் வெளியேற்றுங்கள். கைப்பேசியை வெளியே வந்த பின்னரே எடுத்து, 1906 என்னும் அவசர எண்ணுக்குத் தெரிவியுங்கள். அண்டை வீட்டாருக்கும் சொல்வது அவர்களின் ஹக்கு. அழைப்பு மணியை அழுத்தாமல் குரல் கொடுத்து அழையுங்கள்.

ரமளானில் ஸஹருக்கு எழும் நம் தாய்மார்கள் இதனைக் கூடுதலாகக் கவனிக்க வேண்டும். இரவெல்லாம் பூட்டிக் கிடந்த அடுப்படி அது. கை ஸ்விட்சைத் தேடுமுன் மூக்கு சோதிக்கட்டும்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். லப்பைக்குடிக்காடு, வி.களத்தூர் போன்ற ஊர்களில் ஆண்கள் பலர் வளைகுடா நாடுகளில் இருக்கின்றனர். சோதனைக்கு வரும் ஏஜென்சி ஊழியரை, வீட்டில் ஆண்கள் இல்லை என்று திருப்பியனுப்பும் நிலை ஏற்படலாம். நாணம் ஈமானில் உள்ளது; மறுக்கவில்லை. ஆனால் உயிரைப் பேணுவதும் மார்க்கமே. ஊழியரின் அடையாள அட்டையைப் பார்த்து, மஹ்ரமான ஓர் ஆணையோ அண்டை வீட்டுப் பெரியவர்களையோ உடன் வைத்துக்கொண்டு சோதிக்கச் செய்யலாமே!

வெளிநாட்டிலிருந்து இதனைப் படிக்கும் சகோதரர்களே! இன்றிரவு வீட்டாருடன் பேசும்போது, கேஸ் குழாயில் அச்சிட்டுள்ள ஆண்டைப் படித்துச் சொல்லக் கேளுங்கள். ஐந்தாண்டுகள் கடந்திருந்தால், விரிசல் தெரியாவிட்டாலும், நாளையே மாற்றச் சொல்லுங்கள்.