பாலத்துக்கு அடியில் பதினைந்து லட்சம் வவ்வால்

ரெண்டு வாரமா எபிசோடு வரலையேன்னு கேட்டிருந்தீங்க. ஊர்ல இல்லை. ஆபீஸ் வேலையா அமெரிக்காவுக்கு, டெக்சஸ் மாநிலத்துல இருக்கிற ஆஸ்டினுக்குப் போயிருந்தேன். அக்கா குடும்பம் அங்கேதான் இருக்கு, அதனால அவங்க வீட்டுலயே தங்கிட்டேன். போன மறுநாளே அக்கா பொண்ணு, பதினோரு வயசு, ஒரு பிளானோட வந்து நின்னா. "மாமா, சனிக்கிழமை சாயங்காலம் கயாக்ல போய் வவ்வால் பார்க்கிறோம். அம்மா டிக்கெட் போட்டாச்சு."

எனக்கு நீச்சல் தெரியாது. வவ்வாலும் ஆகாது. ரெண்டையும் சேர்த்து ஒரே டிக்கெட்டா விற்கிறாங்கன்னா என்ன ஊருடா இதுன்னு இருந்தது. ஆனா பதினோரு வயசுப் பொண்ணு முன்னாடி மாமா பயந்தாங்கொள்ளின்னு காட்டிக்க முடியுமா? லைஃப் ஜாக்கெட்டை மூணு தடவை இழுத்துக் கட்டிக்கிட்டுக் கிளம்பினேன்.

ஆஸ்டினுக்கு நடுவுல கொலராடோ ஆறு ஓடுது. கிராண்ட் கேன்யன்ல ஓடுற கொலராடோ வேற. இது டெக்சஸுக்குள்ளேயே பிறந்து மெக்சிகோ வளைகுடாவில் போய்ச் சேர்கிற ஆறு. 1960ல அணை கட்டினதால ஊருக்குள்ள அது நீளமான ஏரி மாதிரி தேங்கி நிற்கிறது. பெயர் லேடி பேர்ட் லேக். 1964லிருந்து அதில் நீந்தத் தடை. பெட்ரோல் மோட்டார் வெச்ச படகையும் பொதுவா விடுறதில்லை. அதனால தண்ணிமேல போகும்போது துடுப்புச் சத்தம்தான் கேட்கும். கரையோரம் விழுந்து கிடந்த ஒரு மரக்கட்டையில ஏழெட்டு ஆமைங்க, பஸ்ஸுக்கு கியூ நிற்கிற மாதிரி ஒண்ணு பின்னாடி ஒண்ணா உட்கார்ந்திருந்தது. காதோரம் சிவப்புக் கோடு போட்ட ஆமைங்க. நாங்க கிட்டப் போனதும் கடைசியில இருந்தது மட்டும் தொபுக்குன்னு குதிச்சது. மத்ததெல்லாம் கண்டுக்கவே இல்லை.

இந்த ஏரிக்கு மேல காங்கிரஸ் அவென்யூ பாலம். நம்ம மவுண்ட் ரோடு மாதிரி ஊரோட முக்கியமான ரோடு அதுமேலதான் போகுது. 1910ல கட்டின பாலத்தை 1980ல புதுப்பிச்சாங்க. அப்போ பாலத்துக்கு அடியில கான்கிரீட் நடுவே நீளநீளமா இடுக்கு விட்டாங்க. சுமார் ஒரு அங்குலம் அகலம், ஒரு அடிக்கு மேல ஆழம். வெயிலுக்குக் கான்கிரீட் விரிய இடம் வேணுமில்லையா, அதுக்காக. வவ்வாலை மனசுல வெச்சு யாரும் எதையும் பண்ணலை. ஆனா மெக்சிகன் ஃப்ரீ டெயில்டுன்னு ஒரு வகை வவ்வாலுக்கு அது அளவெடுத்துத் தெச்ச சட்டை மாதிரி ஆயிடுச்சு. உள்ளே இருட்டு. பகல்ல கான்கிரீட் வாங்கின சூடு ராத்திரியும் இருக்கும். பருந்து எட்டாது, பாம்பு ஏறாது. கூட்டம் கூட்டமா வந்து குடியேறிடுச்சு. கோடையில உச்சத்துல பதினைந்து லட்சம் வரைக்கும் இருக்கும்னு கணக்கு.

பாலத்துக்கு நூறடி முன்னாடியே வாடை வந்துடுச்சு. ரொம்ப நாள் பூட்டிக் கிடந்த கோயில் மண்டபத்தைத் திறந்தா குப்புன்னு ஒண்ணு வருமே, அதே வாடை. கடல் தாண்டி வந்து, டெக்சஸ்ல ஒரு ஆத்துக்கு நடுவுல, எனக்கு எங்க ஊர்க் கோயில் ஞாபகம் வந்தது.

எங்க கைடு ஒரு நடுத்தர வயசு அம்மா. மொத்தம் எட்டு கயாக்கையும் பாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி நிறுத்திட்டு, ரூல்ஸ் சொன்னாங்க. செல்போன் ஃப்ளாஷ் கூடாது. சத்தம் கூடாது. எங்கேயாவது தரையில வவ்வால் விழுந்து கிடந்தா கையால தொடவே கூடாது, சீக்கான வவ்வாலா இருக்கலாம். கடைசியா ஒண்ணு, "மேலே பார்க்கும்போது தயவுசெஞ்சு வாயை மூடிக்கோங்க." எல்லாரும் சிரிச்சோம். அஞ்சு நிமிஷம் கழிச்சு என் தோள்ல ஒரு சொட்டு விழுந்தது. மழையான்னு நிமிர்ந்து பார்த்தேன். "மாமா, வாய்!"னு முன் சீட்டுலேர்ந்து ஒரு அதட்டல்.

சூரியன் மறைய இன்னும் நேரம் இருந்தது. காத்திருக்கிற நேரத்துல கைடு பழைய கதையைச் சொன்னாங்க. 1980கள்ல இந்த வவ்வால்கள் வந்து சேர்ந்தப்போ ஊரே மிரண்டு போச்சாம். வெறிநோய் பிடிச்ச வவ்வால் படையெடுப்புன்னு பத்திரிகையில செய்தி. எல்லாத்தையும் அழிச்சுடுங்கன்னு கையெழுத்து வாங்கினாங்க. அந்த நேரத்துல, 1986ல, மெர்லின் டட்டில்னு ஒரு வவ்வால் ஆராய்ச்சியாளர் தன்னோட அமைப்பையே இந்த ஊருக்கு மாத்திக்கிட்டு வந்தார். பேட் கன்சர்வேஷன் இன்டர்நேஷனல்னு பெயர். அவர் வந்து கேஸும் போடலை, போராட்டமும் நடத்தலை. வவ்வால்னா என்னன்னு ஜனங்ககிட்ட பொறுமையா விளக்கினார். தொடாம விட்டா அது உங்களை ஒண்ணும் பண்ணாது, ராத்திரியெல்லாம் பூச்சியைத் தின்னுட்டு விடியுறதுக்குள்ள வந்து தூங்கிடும்னு. பல வருஷம் சொன்னார். இப்போ அந்த ஊர்ல வவ்வால் சிலை இருக்கு. ஐஸ் பேட்ஸ்னு ஒரு ஐஸ் ஹாக்கி டீமே கொஞ்ச வருஷம் இருந்தது. கோடை சாயங்காலத்துல பாலத்துமேல கைப்பிடிச் சுவரோரம் நிற்க இடம் கிடைக்காது.

அந்த அம்மா கையெழுத்துன்னு சொன்னதும் எனக்கு வயித்துல ஏதோ பண்ணுச்சு. இதை இங்கே சொல்லித்தான் ஆகணும்.

2020. சென்னையில எங்க அபார்ட்மென்ட்ல ஒரு பெரிய பாதாம் மரம் இருந்தது. நாட்டு வாதுமைன்னு சொல்வாங்களே, அது. ராத்திரியானா பழந்தின்னி வவ்வால் வரும். காலையில கார் மேல கடிச்சுத் துப்பின சக்கையும் எச்சமும் கிடக்கும். அதுவரைக்கும் கார் வெச்சிருக்கிறவங்க மட்டும்தான் புலம்புவாங்க. கொரோனா வந்ததும் எல்லாருக்கும் பயம். வவ்வால்லேர்ந்துதான் வந்ததுன்னு டிவியில சொல்றான், நம்ம வாசல்லயே வெச்சிருக்கோமேன்னு வாட்ஸ்அப் குரூப்ல ஒருத்தர் போட்டார். மரத்தை வெட்டச் சம்மதம்னா கட்டைவிரல் போடுங்கன்னாங்க. நாற்பத்திரெண்டு கட்டைவிரல். அதுல ஒண்ணு என்னோடது.

கீழ் வீட்டுப் பாட்டி மட்டும், "அது பாட்டுக்கு வந்து தின்னுட்டுப் போகுது, உங்களை என்ன பண்ணுச்சு?"ன்னு கேட்டாங்க. அவங்ககிட்ட வாட்ஸ்அப் இல்லை. அதனால அவங்க ஓட்டு கணக்குல வரலை. தளர்வு வந்த உடனே ஆள் வந்து ரெண்டு நாள்ல வெட்டிட்டாங்க. அதுக்கப்புறம் நாலஞ்சு சாயங்காலம், மரம் இருந்த அந்த வெத்து இடத்தை வவ்வாலுங்க சுத்திச் சுத்தி வந்ததை பால்கனியிலேர்ந்து பார்த்தேன். அப்புறம் வரலை. எங்க பிளாக்ல கொரோனா வந்தது. பக்கத்துல இருந்த மனுஷங்ககிட்டேர்ந்துதான் வந்தது.

நோயே இல்லைன்னு நான் சொல்ல வரலை. கேரளாவில் 2018ல நிபா வந்தது, பழந்தின்னி வவ்வால் அந்தக் கிருமியோட இயற்கை இருப்பிடம். வவ்வால் கடிச்ச பழத்தைத் தின்னக் கூடாதுங்கிறது சரியான எச்சரிக்கை. ஆனா பழத்தைத் தின்னாதேங்கிறதுக்கும் மரத்தை வெட்டுங்கிறதுக்கும் நடுவுல எவ்வளவு தூரம்! எங்க குரூப் அதைப் பத்தே நிமிஷத்துல தாண்டிடுச்சு. சட்டமும் ரொம்ப நாள் அப்படித்தான் இருந்தது. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துல பழந்தின்னி வவ்வாலை எலி, காக்காவோட சேர்த்துத் தொல்லை தரும் உயிர்னு பட்டியல் போட்டிருந்தாங்க. 2022 திருத்தத்துலதான் அந்தப் பட்டியலே போச்சு. தமிழ்நாட்டுலயே சில கிராமங்கள்ல வவ்வாலுக்காக தீபாவளிக்குப் பட்டாசு வெடிக்கிறதில்லை. ஒவ்வொரு வருஷமும் பேப்பர்ல படிச்சு, அட, நல்ல விஷயம்னு நானே ஃபார்வர்டு பண்ணியிருக்கேன்.

சரி, பாலத்துக்கு வர்றேன். எட்டரை மணி ஆச்சு. வானம் வெண்கலப் பாத்திரம் மாதிரி இருந்தது. முதல்ல சத்தம்தான் வந்தது. கீச்சு கீச்சுன்னு, காங்கிரீட்டே பேசுற மாதிரி. அப்புறம் ஒண்ணு, ரெண்டு, பத்து. கரும்புச் சோகையைக் கொளுத்தினா கரித்தூள் காத்துல எழும்புமே, அப்படி. நான் இவ்வளவுதானான்னு நெனச்ச நேரத்துல பாலத்தோட அந்தக் கோடியிலேர்ந்து ஒரு கறுப்பு ஆறு கிளம்புச்சு. எங்க தலைக்கு மேல, ஆத்துப் போக்கிலேயே கிழக்க ஓடுது. நிக்கவே இல்லை. பத்து நிமிஷம், கால் மணி நேரம், இன்னும் வந்துக்கிட்டே இருக்கு. துடுப்பை மடியில வெச்சுட்டு அப்படியே உட்கார்ந்துட்டேன். நீச்சல் தெரியாதுங்கிறது மறந்தே போச்சு.

ஒரு வவ்வாலோட எடை சுமார் பன்னெண்டு கிராம். ரெண்டு அஞ்சு ரூபாய் காசு அளவு. 2016ல வெளிவந்த ஒரு ஆய்வுல, இந்த வகை வவ்வால் மேல குட்டி டிரான்ஸ்மிட்டர் ஒட்டி, விமானத்துல பின்தொடர்ந்து வேகத்தை அளந்தாங்க. மணிக்கு 160 கிலோமீட்டர் வரைக்கும் போயிருக்கு. பாலத்துல இருக்கிறதுல பெரும்பாலும் தாய் வவ்வால்கள். மெக்சிகோவிலேர்ந்து வசந்த காலத்துல வரும். ஜூன் வாக்குல ஆளுக்கு ஒரே ஒரு குட்டி. இரைக்குப் போயிட்டு வந்தா, அத்தனை ஆயிரம் குட்டிங்களுக்கு நடுவுல தன்னோடதைக் குரலையும் வாசனையையும் வெச்சுக் கண்டுபிடிச்சுப் பால் கொடுக்கும். நாங்க போனது ஆகஸ்ட். குட்டிங்களும் பறக்க ஆரம்பிச்ச நேரம். "அந்தக் கோணல்மாணலா பறக்குது பாருங்க, அதெல்லாம் இந்த வருஷத்துப் பிள்ளைங்க"ன்னு கைடு காட்டினாங்க.

இவ்வளவும் எங்கே போகுதுன்னா, வயலுக்கு. பருத்தி, சோளத்தைத் துளைக்கிற காய்ப்புழு இருக்கே, அதோட அந்துப்பூச்சியைப் பிடிச்சுத் தின்ன. நம்ம ஊர்ப் பருத்தியில வர்ற காய்ப்புழுவுக்கு அது ஒண்ணுவிட்ட சொந்தம். டெக்சஸ்ல எட்டு மாவட்டப் பருத்திக்கு மட்டும் இந்த வவ்வால்களால ஆண்டுக்குச் சுமார் 7 லட்சத்து 40 ஆயிரம் டாலர் லாபம்னு 2006ல ஒரு ஆய்வு கணக்குப் போட்டுச்சு. ஆனா சத்தியமா சொல்றேன், அன்னைக்கு அந்தத் தண்ணிமேல எனக்கு டாலர் எதுவும் ஞாபகம் வரலை. பால்கனிதான் ஞாபகம் வந்தது.

திரும்பித் துடுப்புப் போடும்போது நல்ல இருட்டு. முன்னாடி உட்கார்ந்திருந்த அக்கா பொண்ணு திரும்பாமலே கேட்டா. "மாமா, உங்க வீட்டுக்கிட்ட வவ்வால் இருக்கா?"

"இருந்துச்சு"ன்னேன்.

"இப்போ எங்கே?"

கொஞ்ச நேரம் துடுப்புச் சத்தம் மட்டும். அப்புறம் சொன்னேன், கட்டைவிரல் உட்பட எல்லாத்தையும். அவ திட்டலை. "நீங்க ஏன் அந்தப் பாட்டிகிட்ட கேக்கலை?"ன்னு மட்டும் கேட்டா. பதில் இல்லாம கரைக்கு வந்துட்டேன்.

சென்னை வந்து இறங்கி போனை ஆன் பண்றேன், குரூப்ல ஒரு மெசேஜ். காம்பவுண்ட் சுவரோரம் இருக்கிற நாவல் மரத்துக்கு வவ்வால் வர ஆரம்பிச்சிருக்காம். எடுத்துடலாமான்னு ஞாயிற்றுக்கிழமை மீட்டிங். இந்தத் தடவை கட்டைவிரல் போடலை, வந்து பேசுறேன்னு பதில் போட்டிருக்கேன். என்ன பேசப் போறேன்னு நிஜமா தெரியலை. டட்டில் பல வருஷம் பேசினார், எனக்குக் கிடைக்கப்போறது அஞ்சு நிமிஷம். காட்டலாம்னா பாலத்துல எடுத்த வீடியோவுல ஃப்ளாஷ் இல்லாததால ஒண்ணுமே தெரியலை. கும்மிருட்டு. கீச்சு கீச்சுன்னு சத்தம் மட்டும் இருக்கு.

நேத்து அதைப் பாட்டி வீட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் போட்டேன். காதுக்கிட்ட வெச்சுக் கேட்டாங்க. "இதைக் கேக்கவா அவ்வளவு தூரம் போனே?"ன்னு சிரிச்சுட்டு, ஞாயிற்றுக்கிழமை எத்தனை மணிக்குன்னு கேட்டாங்க. பதினோரு மணிக்கு, பாட்டி.

என்ன ஆச்சுன்னு அடுத்த எபிசோடுல சொல்றேன்.