பூட்டும் பட்டமும்

கல்லூரிப் படியேறிப் பாதியிலே இறங்கியவன் நான். எனினும் கல்வியின்மீது கோபமில்லை. அதன் கதவு எவருக்குத் திறக்கிறது என்பதே என் கேள்வி.

திண்டுக்கல் என்றதும் நினைவுக்கு வருவது பூட்டு! நாகல் நகரிலும் நல்லாம்பட்டியிலும் இரும்பை அராவி, லீவர் பொருத்தி, கையாலேயே செய்தனர் மாங்காய்ப் பூட்டு. கள்ளனைத் தடுத்தது அந்தப் பூட்டு. அலிகாரிலிருந்து வந்த மலிவுச் சரக்கைத் தடுக்க இயலவில்லை! 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. பெயருக்குக் காவல் வந்தது, பிழைப்புக்கு?

மதுரைச் சாலையிலே, சின்னாளப்பட்டியை அடுத்து இருக்கிறது காந்திகிராமம். டாக்டர் சௌந்தரமும் ஜி. இராமச்சந்திரனும் 1947இல் நட்ட செடி! 1956இல் கிராமியக் கல்வி நிலையமாயிற்று. 1976இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகமாயிற்று. ஊருக்கு உதவுவதே கல்வி என்ற எண்ணத்திலே முளைத்தது அது.

அந்த எண்ணத்தை நாட்டிலுள்ள பல்கலைக்கழகம் ஒவ்வொன்றும் ஏற்கவேண்டாமா? பட்டறைக்காரர் தம் பூட்டோடு உள்ளே வரட்டும். உலோகத்தைச் சோதித்துச் சொல்லட்டும் ஆய்வுக்கூடம். புதிய அமைப்பை வரைந்து தரட்டும் பொறியியல் மாணவர். கடனுக்குக் கணக்கெழுதி, வெளியூர்ச் சந்தையைக் காட்டட்டும் வணிகவியல் துறை. தொழில்முனைவு பற்றிப் பாடம் நடத்துகிறார்களே, அரம்பிடித்துக் கை காய்த்த முதியவரை ஆசானாய் அழைத்தால் அந்தஸ்தா குறைந்துவிடும்?

பட்டம் பெற்றவன் வேலை தேடுகிறான். வேலை தெரிந்தவனோ தன் மகனுக்கு அந்தத் தொழில் வேண்டாம் என்கிறான். இருவரையும் ஒரே பலகையில் அமர்த்துவதே கல்வி!

திறவுகோல் செய்யத் தெரிந்தவன், திறக்காத கதவின்முன் நிற்பதா? மன்றந்தோறும் கேளுங்கள், தோழர்களே!