மனை வாங்கும் முன் பாதையைப் பாருங்க

(ஒடுகத்தூர் கூட்டமைப்பு மாதக் கூட்டத்தில் கள ஒருங்கிணைப்பாளர் பேசியதன் சுருக்கம்)



நம்ம குழு அக்கா ஒருத்தர் 2014-ல் தவணை கட்டி ஒரு மனை வாங்கினாங்க. பத்திரமும் பதிவாச்சு. இப்போ வீடு கட்ட வங்கிக்குப் போனால், "மனைப்பிரிவுக்கு அங்கீகாரம் எங்கே?" என்று கேட்கிறார்கள். நேரில் போய்ப் பார்த்தால் வரைபடத்தில் இருந்த தெரு நிலத்தில் இல்லை. கால்வாயும் இல்லை. மழை பெய்தால் தண்ணீர் வாசலில்தான் நிற்கும்.

மனை ஏன் மலிவாகக் கிடைத்தது? பாதை, கால்வாய், பூங்காவுக்கு விட வேண்டிய இடத்தையும் சேர்த்து விற்றுவிட்டார்கள். அந்தச் செலவு எங்கேயும் போகலை, வாங்கினவங்க தலையில் விழுந்தது.

ஊர் வளரட்டும், வேண்டாம்னு சொல்லலை. எது எங்கே வரணும் என்று முன்கூட்டியே முடிவு செய்யணும். அதுக்குப் பேர்தான் நிலப் பயன்பாட்டுத் திட்டம். அது இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்குப் பாலாறே சாட்சி. ஆற்றிலிருந்து 1 கிலோமீட்டருக்குள் மாசு தரும் தொழிற்சாலை வரக்கூடாது என்று 1989-லேயே அரசு ஆணை இருந்தது. ஆனாலும் தோல் கழிவால் ஆறும் கிணறும் கெட்டன. 1996 ஆகஸ்ட் 28-ல் உச்ச நீதிமன்றம், மாசு செய்தவரே இழப்பைக் கட்டணும் என்று தீர்ப்புச் சொன்னது. ஒவ்வொரு தோல் பதனிடும் ஆலைக்கும் 10,000 ரூபாய் அபராதமும் போட்டது. அதோடு முடியலை. 2025 ஜனவரி 30-ல் அதே நீதிமன்றம் மறுபடியும் இழப்பீடு பற்றி உத்தரவு போட வேண்டி வந்தது. கிட்டத்தட்ட முப்பது வருஷம்! தோல் ஆலையும், ஷூ கம்பெனியும் நம்ம பெண்களுக்குச் சோறு போடுது, அதை மறுக்க முடியாது. ஆனால் இடம் தப்பானால் கூலி ஒரு கையில் வரும், குடிதண்ணீர் மறு கையில் போகும்.

நம்ம பக்கமும் நிலம் மனையாகிக்கொண்டு வருது. அதனால் இதை மனசில் வச்சுக்கோங்க:

1. "பஞ்சாயத்து அப்ரூவல்" என்று மட்டும் சொன்னால் நம்பாதீங்க. மனைப்பிரிவுக்கு நகர் ஊரமைப்புத் துறையின் (டி.டி.சி.பி.) அனுமதி எண் கேளுங்க.

2. அங்கீகாரம் இல்லாத மனைப்பிரிவில், 2016 அக்டோபர் 20-க்கு முன் பதிவாகாத மனையைத் தொடவே வேண்டாம்.

3. 500 சதுர மீட்டருக்கு மேற்பட்ட மனைப்பிரிவு என்றால் ரேரா பதிவு எண்ணும் கேளுங்க.

4. வில்லங்கச் சான்று, பட்டா இரண்டையும் பாருங்க. அந்த இடம் ஏரி, ஓடை, வாய்க்கால் புறம்போக்கா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் விசாரிங்க.

5. வரைபடத்தைக் கையில் வச்சுக்கிட்டு நேரில் போய்ப் பாதையை நடந்து பாருங்க. மழை நாளில் போனால் இன்னும் நல்லது.

6. பத்திரத்தை உங்க பேரில் போடுங்க. 10 லட்சம் ரூபாய் வரை மதிப்புள்ள சொத்தைப் பெண் பேரில் பதிவு செய்தால், 2025 ஏப்ரல் முதல் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் சலுகை உண்டு.

கடைசியா ஒரு வேண்டுகோள். ஊராட்சியில் இருக்கிறவங்க கிராம சபையில் எழுந்து கேளுங்க: "புது மனைப்பிரிவில் பொதுவுக்கு விட்ட இடம் எங்கே? பாதையை ஊராட்சிக்கு எழுதிக் கொடுத்தாச்சா?" ஒருத்தர் கேட்டால் உட்காரச் சொல்வாங்க. ஒரு குழுவே எழுந்து கேட்டால் பதில் சொல்லித்தான் ஆகணும்.

அந்த அக்காவுக்கு நடந்தது இன்னொருத்தருக்கு நடக்கக் கூடாது. அடுத்த வாரக் குழுக் கூட்டத்திலேயே ஊக்குநர்கள் இதைப் படித்துக் காட்டுங்க.