மௌனத்தில் அமர்ந்த நண்பர்கள்

(பங்குப் பொன்விழா மாலைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



பிரிந்த சகோதரர்களிடமிருந்து நாம் கற்றுக்கொள்ளக் கூடியது என்ன என்பதுபற்றிப் பேசும்படி விழாக் குழுவினர் எங்களைப் பணித்தார்கள். ஞாயிறு மாலைகளில் பள்ளிக்கூடத் திண்ணையில் கூடிப் படிக்கும் நாங்கள் ஆறு பேர். பெரியகுளத்திலும் போடியிலும் உள்ள சி.எஸ்.ஐ. சகோதரர்களைப்பற்றிச் சொன்னால், "எங்கள் சம்பந்தி வீட்டாரைப்பற்றி எங்களுக்கே சொல்கிறீர்களா?" என்பீர்கள். ஆகவே இந்தப் பள்ளத்தாக்கில் நாங்கள் ஒருவரையும் கண்டிராத ஒரு சபையை எடுத்துக்கொண்டோம். ஆங்கிலத்தில் குவேக்கர் என்பார்கள். நடுங்குகிறவர்கள் என்று பொருள்; ஊரார் கேலியாக வைத்த பெயர். அவர்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர் நண்பர்கள் சபை. ஆண்டவர் சீடர்களை நண்பர்கள் என்று அழைத்தார் அல்லவா, அங்கிருந்து எடுத்த பெயர்.

இந்த ஊர்க்காரர்களுக்குத் திராட்சையில் தொடங்கினால்தான் காது கொடுப்பீர்கள். நம் தோட்டங்களில் காய்க்கும் பன்னீர் திராட்சையை 1832ஆம் ஆண்டில் ஒரு பிரெஞ்சுக் குருவானவர் தமிழகத்துக்குக் கொண்டுவந்தார் என்று சொல்லப்படுகிறது. அதுபோல சிம்லா மலையில் இன்று விளையும் செந்நிற ஆப்பிளை அங்கே பரப்பியவர், பிலடெல்பியாவைச் சேர்ந்த குவேக்கர் வழிக் குடும்பத்தில் பிறந்த சாமுவேல் ஸ்டோக்ஸ். செல்வந்தர் மகன். 1904இல் தொழுநோயாளருக்குப் பணி செய்ய வந்தவர், கோட்கட் என்ற மலையூரில் நம் அசிசியாரைப் போலக் கையில் ஒன்றுமில்லாமல் வாழ்ந்து பார்த்தார். பிறகு அவ்வூர்ப் பக்கத்துப் பெண்ணை மணந்து மண்ணில் இறங்கினார். துரைமார் மலையேறும்போது மூட்டை சுமக்கக் குடியானவர்களைக் கூலியின்றி இழுத்துப் போகும் 'பேகார்' என்ற வழக்கம் அங்கே இருந்தது. அதை எதிர்த்து ஊரைத் திரட்டி ஒழித்தார். 1921இல் காங்கிரசோடு நின்று சிறை சென்றார். 1932இல் இந்து சமயம் தழுவிச் சத்தியானந்தர் ஆனார் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறோம். கூலியில்லா வேலையைக் கண்டால் பொறுக்காத அந்த மனம் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனபோதுதான் அமெரிக்க நண்பர்களின் பழங்கதை எங்களுக்குக் கிடைத்தது.

தொடக்கம் இங்கிலாந்தில். ஜார்ஜ் பாக்ஸ் என்ற நெசவாளி மகன், 1650ஐ ஒட்டிய ஆண்டுகளில், ஒவ்வொரு மனிதனுக்குள்ளும் இறைவனின் ஒளி உண்டு என்று ஊர் ஊராகச் சொல்லிப் போனார். குருவானவர் இல்லை, பீடம் இல்லை, பாட்டு இல்லை. எல்லாரும் ஓர் அறையில் மௌனமாக அமர்வார்கள். யாருக்கேனும் உள்ளிருந்து உந்துதல் எழுந்தால் எழுந்து பேசுவார், பெண்ணானாலும் சரி. திவ்விய நற்கருணையை உயிராகக் கொண்ட நமக்கு இது ஏற்புடையதன்று. அதைப்பற்றி இங்கே வாதாடப் போவதில்லை.

ஆனால் இன்னொன்று எங்களை நிறுத்திவிட்டது. அக்கால ஆங்கிலத்திலும் நம்மைப்போல 'நீ' என்றும் 'நீங்கள்' என்றும் இரண்டு உண்டு. பெரியவருக்கு ஒன்று, எளியவருக்கு ஒன்று. நண்பர்கள் சபையார் நீதிபதியையும் 'நீ' என்றார்கள், பிரபுவையும் 'நீ' என்றார்கள். யாருக்கும் தொப்பியைக் கழற்ற மறுத்தார்கள். அதற்காகவே சிறையில் கிடந்தார்கள். நம் பக்கத்தில் நரைத்த தலையுடைய முதியவர் தோளில் மண்வெட்டியோடு வரும்போது, களத்துமேட்டில் விளையாடும் பத்து வயதுப் பிள்ளை அவரைப் பெயர் சொல்லி, "ஏய், இங்கே வா" என்று கூப்பிட்டதை நம்மில் மூத்தவர்கள் எல்லாரும் கேட்டிருக்கிறோம். அந்தப் பிள்ளைகளில் சிலர் இன்று இங்கே தாத்தாக்களாக அமர்ந்திருக்கிறோம். அவர்கள் எல்லாரையும் 'நீ' ஆக்கினார்கள். நமக்கு எல்லாரையும் 'நீங்கள்' ஆக்குவதே பொருத்தம் என்று எங்கள் திண்ணைக் கூட்டத்தில் ஒருவர் சொன்னார்.

அமெரிக்காவில் அவர்களை முதலில் வரவேற்றது தூக்குமரம். 1660இல் பாஸ்டன் நகரில் மேரி டயர் என்ற தாய், போகாதே என்று விலக்கிய ஊருக்குத் திரும்பப் போனதற்காகத் தூக்கிலிடப்பட்டார். பிறகு 1681இல் வில்லியம் பென் என்பவருக்கு, தம் தந்தைக்கு அரசன் பட்ட கடனுக்கு ஈடாக ஒரு பெருநிலம் கிடைத்தது. அதுதான் பென்சில்வேனியா. அங்கே அவர் மனச்சாட்சிக்குச் சட்டப் பாதுகாப்புக் கொடுத்தார். நமக்கும் அதில் பங்கு உண்டு: ஆங்கிலேயக் குடியேற்றங்கள் பலவற்றில் பூசை காண்பதே குற்றமாயிருந்த காலத்தில், 1733இல் பிலடெல்பியாவில் சேசு சபைக் குருவான ஜோசப் கிரீட்டன் சூசையப்பர் ஆலயத்தை நிறுவி வெளிப்படையாகப் பூசை வைத்தார். சிலர் ஆட்சேபம் கிளப்பினார்கள். பென் அளித்த உரிமைச் சாசனம் அதைக் காத்தது.

இவ்வளவு நல்லவர்கள் அடிமைகளை வைத்திருந்தார்கள். இதை நாங்கள் படித்தபோது எங்களில் ஒருவர் புத்தகத்தை மூடி வைத்துவிட்டார்.

1688இல் ஜெர்மன்டவுன் என்ற ஊரில் நான்கு பேர், மனிதனை வாங்குவதும் விற்பதும் பாவம் என்று ஒரு மனு எழுதிச் சபைக்குக் கொடுத்தார்கள். உள்ளூர்க் கூட்டம், இது பெரிய விஷயம் என்று மேல் கூட்டத்துக்கு அனுப்பியது. அது அதற்கும் மேலே அனுப்பியது. ஆண்டுக் கூட்டம் ஓரமாக வைத்துவிட்டது. (நம் பஞ்சாயத்து யூனியன் நினைவுக்கு வந்தால் நாங்கள் பொறுப்பல்ல.) 1738இல் பெஞ்சமின் லே என்ற நாலடி உயரக் கூனல் முதுகுக்காரர், செந்நிறப் பழச்சாறு நிரப்பிய பை ஒன்றைப் புத்தகத்துக்குள் ஒளித்துக் கொண்டுவந்து, கூட்டத்தின் நடுவே அதைக் கத்தியால் குத்தினார். அடிமை வைத்திருப்போர்மேல் இரத்தம்போலத் தெறித்தது. சபையிலிருந்து அவரை விலக்கிவிட்டார்கள்.

ஜான் உல்மன் வேறு மாதிரி. நியூஜெர்சிக்காரர், 1720இல் பிறந்தவர். இளமையில் ஒரு கடையில் கணக்கெழுதும் வேலை. ஒரு நாள் முதலாளி, ஒரு கறுப்பினப் பெண்ணை விற்பதற்கான கிரயப் பத்திரம் எழுதச் சொன்னார். எழுதிக் கொடுத்துவிட்டார். எழுதிய கை அவரை விடவில்லை. அடுத்த முறை ஒருவர் கேட்டபோது, என்னால் ஆகாது என்று சொல்லிவிட்டார். பிறகு வாழ்நாள் முழுவதும் நடந்தார். அடிமை வைத்திருக்கும் நண்பர்களின் வீடுகளுக்கே போய், திண்ணையில் அமர்ந்து, கோபமின்றிப் பேசுவார். அவ்வீட்டில் தங்கினால், தமக்கு வேலை செய்த அடிமைகளுக்குக் காசு கொடுத்துவிட்டுத்தான் கிளம்புவார். வீட்டுக்காரருக்கு அது எப்படி இருந்திருக்கும்! திட்டியிருந்தால் திருப்பித் திட்டலாம். காசு கொடுத்தவரை என்ன செய்வது?

அவர்கள் கூட்டங்களில் கை தூக்கி எண்ணுவதில்லை. எழுத்தர் ஒருவர் எல்லாரும் பேசக் கேட்டு, கூட்டத்தின் மனம் எங்கே ஒன்றுபட்டது என்று எழுதி வாசிப்பார். மனம் ஒன்றுபடாவிட்டால் காத்திருப்பார்கள். 1758இல் அடிமை வைத்திருப்போரை வீடு வீடாகச் சென்று கண்டு பேச ஆண்டுக் கூட்டம் ஆளனுப்பியது. உல்மன் 1772இல் இங்கிலாந்தில் பெரியம்மை கண்டு இறந்தார். 1776இல் பிலடெல்பியா ஆண்டுக் கூட்டம், அடிமை வைத்திருப்பவர் நம் சபையில் இருக்க முடியாது என்று தீர்த்தது. மனு கொடுத்ததிலிருந்து 88 ஆண்டுகள். அமெரிக்க நாடு அடிமை முறையை ஒழித்ததோ 1865இல்.

88 ஆண்டு காத்திருந்தது பொறுமையா, குற்றமா? எங்களுக்குள் இதில் இன்றுவரை ஒற்றுமையில்லை. காத்திருந்தவர்கள் நாற்காலியில் காத்திருந்தார்கள். வயலில் நின்றவர்கள் வேறு ஆட்கள். அதோடும் முடியவில்லை. அடிமைத்தனத்தை விலக்கிய பிறகும், 1830களில் பிலடெல்பியாவில் சாரா டக்ளஸ் என்ற கறுப்பின ஆசிரியை, மௌன வழிபாட்டுக்கு வந்தால் கறுப்பருக்கென ஒதுக்கிய தனிப் பெஞ்சியில்தான் அமர வேண்டியிருந்தது. கிரிம்கே சகோதரிகள் என்ற இரு வெள்ளைப் பெண்கள் போய் அவரோடு அந்தப் பெஞ்சியில் அமர்ந்தார்கள்.

நாம் அவர்களைக் குறை சொல்லத் தகுதியற்றவர்கள். வடக்கன்குளத்தில் நம் கோவிலுக்குள்ளேயே சாதிக்குச் சாதி நடுவே சுவர் நின்றது. 1910இல் குருக்கள் அதை இடித்தபோது வழக்குத் தொடுத்தார்கள். அது சென்னை உயர்நீதிமன்றம் வரை போனது. கோவிலுக்குள் சாதி உரிமை செல்லாது என்று நீதிமன்றம் தீர்த்தது.

நம் தமிழ் மண்ணிலும் நண்பர்கள் சபையார் ஒருவர் வாழ்ந்தார். மார்ஜரி சைக்ஸ் அம்மையார், இங்கிலாந்துக்காரர். 1928இல் சென்னை வேப்பேரி பெண்டிங்க் பெண்கள் பள்ளிக்கு ஆசிரியையாக வந்தார். தமிழ் கற்றார். இங்கே வந்த பிறகுதான், 1930களில், நண்பர்கள் சபையில் சேர்ந்தார். சாந்திநிகேதனத்தில் தாகூரோடும், சேவாகிராமத்தில் காந்தியடிகளின் ஆதாரக் கல்வியோடும் உழைத்தார். நம் நாட்டுக் குடியுரிமை பெற்றார். கோத்தகிரியில் குடியிருந்து இளைஞர்களைப் பயிற்றுவித்தார். நாகாலாந்தில் துப்பாக்கிகளுக்கு நடுவே சமாதானத் தூதுக்குழுவில் நின்றார். 1995இல் இங்கிலாந்தில் காலமானார். 1959இல் மார்ட்டின் லூதர் கிங் நம் நாட்டுக்கு வந்து, நமக்குப் பக்கத்துக் காந்திகிராமம் வரை வந்தாரே, அந்தப் பயணத்துக்குத் துணை நின்றதும் அமெரிக்க நண்பர்களின் சேவைக் குழுதான். போர்களில் பசித்தோருக்குச் சோறிட்டதற்காக 1947இல் நோபல் பரிசு பெற்ற குழு அது.

இனி நம் வீட்டு விஷயம். திருவிழாச் சப்பரம் தெற்குத் தெருவுக்குள் போக வேண்டுமா என்று நம் பங்குப் பேரவையில் மூன்று முறை கை தூக்கச் சொன்னோம். மூன்று முறையும் எண்ணிக்கையில் தோற்றது. பொன்விழா ஆண்டிலும் சப்பரம் முக்குரோட்டில் திரும்பிவிட்டது. தெற்குத் தெருத் தாய்மார்கள் மெழுகுவர்த்தியோடு முக்குவரை வந்து நின்றதை எல்லாரும் பார்த்தோம்.

உல்மனைப் படித்த பிறகு நாங்கள் ஆறு பேரும், கை தூக்காதவர்கள் வீடுகளுக்குத் தவக்காலத்தில் போய்வந்தோம். பதினொரு வீடுகள். இரண்டு வீடுகளில் உள்ளே கூப்பிடவில்லை. ஏழு வீடுகளில் காப்பி கொடுத்தார்கள், பேச்சை மாற்றிவிட்டார்கள். ஒரு வீட்டில் பெரியவர், "என் அப்பா காலத்து வழக்கத்தை நான் எப்படி மாற்றுவேன்?" என்று சொல்லிக் கண்கலங்கினார். மற்றொரு வீட்டில் மருமகள், மாமனார் முன்னாலேயே, "சப்பரம் வந்தால் நான் அந்தத் தெருவில் மாலை போடுவேன்" என்றார்.

பேரவை வரும் ஞாயிறு இரண்டாம் பூசைக்குப் பிறகு கூடுகிறது. பங்குத்தந்தை அவர்கள் இசைந்தால் இம்முறை கை எண்ண வேண்டாம். தெற்குத் தெருவிலிருந்து நால்வரை முன்வரிசையில் அமர்த்தி, முதலில் அவர்கள் பேசட்டும் என்று கேட்டுக்கொள்கிறோம்.