முகவரி இல்லாத ஆற்றங்கரை



இன்றைக்கு ஒரு ஆற்றைப் பற்றிப் பேசப்போறேன். கொத்மலை ஓயா. தலவாக்கலை ஊடாக ஓடி மகாவலியில் விழும் ஆறு. இரு கரையிலும் தேயிலைத் தோட்டங்கள். அதில் ஒன்றின் லயத்தில்தான் நான் பிறந்தேன். லா சப்பலில் ஆராவது "எந்த ஊர்?" என்று கேட்டால் தோட்டத்தின் பெயரைச் சொல்வேன். "அது எந்த ஊர்?" என்று திரும்பவும் கேட்பார்கள். கேள்வியில் பிழையில்லை. சட்டத்தின் கண்ணுக்கு அது ஊராகவே இருக்கவில்லை.

வெள்ளைக்காரன் காலத்தில் தோட்டம் ஒரு தனி ராச்சியம். ரோடு, தண்ணி, லயம், பிள்ளைமடுவம் எல்லாம் துரையின் கையில். 1972, 1975 காணிச் சீர்திருத்தங்கள் தோட்டங்களை அரசுடைமையாக்கின. 1992இல் நிர்வாகம் மறுபடி கம்பனிகளிடம் போனது. துரை மாறினார், லயம் மாறவில்லை. 1987இல் பிரதேச சபைச் சட்டம் வந்தபோதும், தோட்டத்துக்குள் சபைப் பணத்தைச் செலவிட அதன் 33ஆம் பிரிவு தடையாக நின்றது. அதைத் திருத்த 2018 வரை போனது. அதுவரை சபைக்கு ஓட்டுப் போடலாம், சபையிடம் ரோடு கேட்க ஏலாது! கடுதாசிகூட தோட்ட ஆபீசுக்குத்தான் வரும். கடுதாசி வர ஒரு முகவரி இல்லாமல் பாரிசில் அலைந்தவர்களுக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை.

ஓட்டும் சும்மா கிடைக்கவில்லை. 1947 தேர்தலில் இலங்கை இந்தியர் காங்கிரஸ் 7 இடங்களை வென்றது. தலவாக்கலையில் வென்றவர் எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளை. அடுத்த வருசமே குடியுரிமைச் சட்டம். 1952 தேர்தலில் அந்த 7 பேரின் இடத்தில் ஒருவரும் இல்லை. 1949 சட்டத்துக்கு ஆதரவாக நின்றவர்களில் ஜீ.ஜீ. பொன்னம்பலமும் ஒருவர் என்பதை யாழ்ப்பாணத்துத் தோழர்கள் மறக்கக் கூடாது. அதை எதிர்த்துப் பிரிந்தவர் செல்வநாயகம் என்பதையும்தான். 1964இல் இரண்டு பிரதமர்கள் உட்கார்ந்து 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று ஆட்களைப் பங்கு பிரித்தார்கள். போறீங்களா, இருக்கிறீங்களா என்று எங்கட சனத்தை ஒருவரும் கேட்கவில்லை.

ஆனால் சனம் சும்மா இருக்கவில்லை. நுவரெலியா மாவட்டத்தில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்துக் கொடுக்க அரசு வந்தபோது தொழிலாளர் மறித்தார்கள். 1977 மே 11, டெவன் தோட்டத்தில் பொலிஸ் சுட்டது. சிவனு லெட்சுமணன் செத்தார். காணிப் பங்கீடு நின்றது. நாங்கள் இன்னும் அங்கே இருக்கிறோம் என்றால் அதில் அவருடைய உயிரும் சேர்ந்திருக்கு.

பிறகு ஆற்றையும் எடுத்தார்கள். 2012இல் மேல் கொத்மலை மின்திட்டம், 150 மெகாவாட். தண்ணி மலைக்குள் சுரங்கத்தால் போகுது, சென். கிளேயர் அருவி மெலிஞ்சு நிற்குது. கரண்ட் கொழும்புக்கும் போச்சுது. காணி உறுதி மட்டும் லயத்துக்கு வரவில்லை. புது வீட்டுத் திட்டங்களில் கொடுத்தது 7 பேர்ச். ஒரு வீடும் ஒரு கொத்தமல்லிப் பாத்தியும்தான் அதில் அடங்கும்.

தோழர்களே, நான் கேட்பது ரெண்டு விசயம். எங்கட துண்டறிக்கைகளில் "வடக்கு, கிழக்கு" என்று எழுதி முற்றுப்புள்ளி வைக்காதீங்க. காணி உரிமை என்று கோசம் போடும்போது, இருநூறு வருசம் உழைத்த மண்ணில் ஒரு உறுதிப்பத்திரம் இல்லாதவர்களையும் அதில் சேருங்க. இரக்கத்துக்காக வேண்டாம். காணியும் முகவரியும் இல்லாமல் ஆக்கப்படுகிற சனத்தின் அரசியல்தானே எங்கட அரசியல்?