தனிமையும் துணையும்



தனித்திருத்தல் வேறு, துணையற்றிருத்தல் வேறு. முன்னது விரும்பி ஏற்பது. பின்னது கேளாமலே வந்து சேர்வது. இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதுவதால், நகரில் தனித்து வாழும் இளம்பெண்களைச் சமூகம் பல வேளைகளில் தவறாகப் புரிந்துகொள்கிறது.

சிங்கப்பூரில் பணிபுரியும் ஓர் இளம்பெண்ணை எண்ணிப் பாருங்கள். பேராக்கிலோ திருச்சியிலோ பிறந்தவள். வேலையின் பொருட்டு வந்து, அடுக்குமாடி வீடொன்றில் ஓர் அறையை வாடகைக்கு எடுத்திருக்கிறாள். காலையில் பெருவிரைவு ரயிலில் தோளோடு தோள் உரச நிற்கிறாள். ஒருவரும் முகம் பார்ப்பதில்லை. மின்தூக்கியில் அண்டை வீட்டார் புன்னகையோடு விலகுகின்றனர். இரவில் ஊரிலுள்ள அன்னை, "சாப்பிட்டாயா?" என்று கைப்பேசியில் கேட்கிறார். "சாப்பிட்டேன் அம்மா" என்கிறாள். சில நாள்களில் அது மெய். சில நாள்களில் தாய் நிம்மதியாக உறங்குவதற்காகச் சொல்லப்படுவது.

ஆயினும் அவ்வறையை அவள் சிறையாகக் கருதுவதில்லை. நூல் படிக்கவும், சிறிது நேரம் கண்மூடித் தியானிக்கவும், தன் ஊதியத்தைத் தானே திட்டமிடவும் அங்கே அவளுக்கு இடமுண்டு. கூட்டுக் குடும்பத்தில் வாழ்ந்த அவள் பாட்டிக்கு வாய்க்காத பேறு அது.

துணையின்மையோ உலகெங்கும் உணரப்படும் துன்பம். பிரிட்டன் 2018ஆம் ஆண்டிலும் ஜப்பான் 2021ஆம் ஆண்டிலும் இதனைக் கவனிக்க அமைச்சர்களை நியமித்தன. 2023ஆம் ஆண்டில் உலகச் சுகாதார நிறுவனம் சமூகத் தொடர்புக்கென ஓர் ஆணையத்தையே அமைத்தது. துணையின்மை உடல்நலத்தையும் குலைக்கும் என்பதே காரணம்.

இனியது எது என்னும் வினாவுக்கு விடையாக ஔவையார் பெயரில் வழங்கும் தனிப்பாடல், ஏகாந்தத்தில் தொடங்கி, இறைவழிபாட்டை அதற்கு மேலாகவும், அறிவுடையோர் உறவை அதற்கும் மேலாகவும் வைக்கிறது. தனிமை அங்கே தள்ளப்படவில்லை, முதற்படியாக நிற்கிறது.

அடுத்த படிகளுக்கு உரிய இடம் ஆலயம். வெள்ளிக்கிழமை மாலை அப்பெண் அங்கு வருகிறாள். "இன்னும் கல்யாணம் ஆகவில்லையா?" என்பதே அவள் செவியில் விழும் முதற்சொல்லானால், அடுத்த வாரம் தூணோரம் நின்று வணங்கித் திரும்புவாள், பின்னர் வருவதையே நிறுத்திவிடலாம். "உன் பெயர் என்னம்மா? பூத்தொடுக்க வருகிறாயா?" என்று ஒரு தாய் கேட்பாரானால், அவளை அடுத்த வாரமும் எதிர்பார்க்க ஒருவர் இருப்பார். துணை என்பது அங்கேதான் தொடங்குகிறது.

இத்திருவிழாவின் அன்னதானப் பந்தியில் தனியே அமர்ந்திருக்கும் பெண்ணின் அருகே ஓர் இலை காத்திருக்கக் கூடும். அங்கு சென்று அமர்வதும் அம்பிகைக்குச் செய்யும் தொண்டே.