சரியும் கோபுரமும் சளைக்காத பிள்ளையும்

(சங்கத்தின் ஆண்டு விழாவிலே நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவின் எழுத்துருவம்)



இன்று பேசுவதற்கு நான் எடுத்துக்கொண்ட பொருளைச் செயலாளரிடம் சொன்னபோது அவர் சிறிது நேரம் மௌனமாயிருந்தார். பின்னர், "ஐயா, 'பௌதிகவியலும் நாமும்' என்று அழைப்பிதழிலே போட்டுவிடட்டுமா?" என்று கேட்டார். போடுங்கள் என்றேன். ஆதலால், கைத்தொலைபேசி விளையாட்டைப் பற்றிப் பேச வந்த ஒருவனை அழைப்பிதழ் உங்களிடமிருந்து மறைத்துவிட்டது. அந்தக் குற்றத்திலே எங்கள் இருவருக்கும் சரிபாதி.

முன்வரிசையிலே சில பெரியோரின் முகம் மாறுவதைக் காண்கிறேன். அவர்களுடைய பக்கத்திலேதான் நானும் நெடுங்காலம் இருந்தேன். இப்போதும் முற்றாக எழுந்து வந்துவிடவில்லை.

2020ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் ஊரடங்கு பிறந்து பாடசாலைகள் மூடப்பட்டபோது, என் தங்கையின் மகன் எங்கள் வீட்டிலே அகப்பட்டுக்கொண்டான். உயர்தர வகுப்பு, கணிதப் பிரிவு. அதற்கு முந்திய தவணைப் பரீட்சையிலே பௌதிகவியலுக்கு அவன் எடுத்தது 18 புள்ளி. அந்தப் பாடத்தையே 32 ஆண்டு படிப்பித்து இளைப்பாறிய மாமன் ஒருவன் வீட்டிலே இருக்கிறேன். என் மனநிலையை நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

ஒரு நாள் மத்தியானம் அவன் விறாந்தையிலே தலையைக் குனிந்தபடி கைத்தொலைபேசியை விரலாலே தடவிக்கொண்டிருந்தான். "என்னடா செய்யிறாய்?" என்றேன். "கோபுரம் கட்டுறன் மாமா" என்றான். பறித்து அலுமாரியிலே வைத்துப் பூட்டினேன். நான்கு நாள் அவன் என்னோடு பேசவில்லை. சாப்பிடக் கூப்பிட்டால் வருவான், சாப்பிடுவான், கோப்பையைக் கழுவி வைத்துவிட்டுப் போய்விடுவான். பேசாத பிள்ளையோடு ஒரே வீட்டில் ஊரடங்குக் காலத்தைக் கழிப்பது எவ்வளவு கடினம் என்பது அப்போதுதான் தெரிந்தது.

ஐந்தாம் நாளிரவு நித்திரை வரவில்லை. அலுமாரியைத் திறந்தேன். கைத்தொலைபேசிக்கும் ஓர் எண் பூட்டு இருந்தது. அவன் பிறந்த ஆண்டை அழுத்தினேன், திறந்துகொண்டது. பூட்டு வைக்கும் கலையை நம் பிள்ளைகள் இன்னும் நன்கு கற்கவில்லை.

உள்ளே இருந்தது 'வேர்ல்ட் ஒவ் கூ' என்னும் ஆட்டம். அதன் முறையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கறுத்த பசை உருண்டைகள் பல உண்டு; கண்ணும் உண்டு, குரலும் உண்டு. ஓர் உருண்டையை விரலாலே பிடித்து, ஏற்கெனவே நிற்கும் கட்டமைப்பின் அருகே கொண்டுபோய் விட்டால், அது பக்கத்திலுள்ள இரண்டு உருண்டைகளோடு இரண்டு தண்டுகளால் ஒட்டிக்கொள்ளும். இப்படி ஒட்டி ஒட்டி மேலேயோ பக்கவாட்டிலேயோ போய், தூரத்திலே தெரியும் ஒரு குழாயின் வாயை எட்டவேண்டும். எட்டியதும் மிகுந்திருக்கும் உருண்டைகள் கட்டமைப்பின் மேல் ஊர்ந்து சென்று குழாய்க்குள் தப்பிப் போகும். ஒவ்வொரு கட்டத்துக்கும் இத்தனை உருண்டை தப்பவேண்டும் என்று கணக்கு உண்டு. கட்டுவதற்குச் செலவிட்ட கறுத்த உருண்டை திரும்பிவராது. ஆகவே, உறுதிக்காக அதிகம் செலவிட்டால் காப்பாற்ற ஆள் இல்லை. சிக்கனம் பிடித்தால் கோபுரம் சரிந்து விழும். வீடு கட்டியவர்கள் இந்தச் சங்கடத்தை அறிவார்கள்.

'கூக் கோபுரம்' என்ற பெயருடைய கட்டத்திலே குழாய் மிக உயரத்தில் இருக்கிறது. புவியீர்ப்பு மையத்தையும் சமநிலையையும் 32 ஆண்டு கரும்பலகையிலே வரைந்தவன் நான். முதல் இரவு என் கோபுரம் இடப்பக்கம் விழுந்தது. இரண்டாம் இரவு வலப்பக்கம். மூன்றாம் இரவு அடியை அகலமாகப் போட்டேன்; உயரம் போக உருண்டை போதவில்லை. இப்படி ஏழு இரவு.

எட்டாம் இரவு ஒரு காரியம் செய்தேன். இதைச் சொல்வதற்காகவே இந்த மேடைக்கு வந்தேன் என்றும் கொள்ளலாம். இவ்வாட்டத்தின் ஒவ்வொரு கட்டத்தையும் யாராவது ஒருவர் முடித்துக் காட்டும் ஒளிப்படங்கள் இணையத்திலே கிடைக்கின்றன. அதிலொன்றைப் பக்கத்திலே ஓடவிட்டு, அவர் வைத்த இடத்திலே வைத்து, அவர் பொறுத்த இடத்திலே பொறுத்தேன். கோபுரம் நின்றது. குழாய் உருண்டைகளை உறிஞ்சிக்கொண்டது. எனக்கு மகிழ்ச்சியும் இல்லை, ஒன்றும் இல்லை. புதிய கட்டம் ஒன்றைத் திறந்தேன். என் கை முதல் இரவிலே இருந்த கையாகவே இருந்தது.

அப்போது என் வகுப்பறை நினைவுக்கு வந்தது. கடந்தகால வினாத்தாள்களுக்கு மாதிரி விடை எழுதிக் கொடுப்பதிலே எனக்கு ஊரெல்லாம் பெயர். "சேரின் கொப்பியைப் பாடமாக்கினால் போதும்" என்று பிள்ளைகள் சொல்வார்கள். அதைப் புகழ்ச்சியாக எடுத்துக்கொண்டேன். என்னிடம் படித்து 'ஏ' சித்தி பெற்ற ஒருவர் பின்னாளில் தாம் வீடு கட்டும்போது, கூரையிலே அந்தக் குறுக்குச் சலாகை எதற்கு, வீண் செலவுதானே என்று தச்சரிடம் கேட்டாராம். தச்சர் என்னிடம் வந்து சிரித்தார். நானும் சேர்ந்து சிரித்தேன். எட்டாம் இரவு அந்தச் சிரிப்புத் திரும்பி வந்தது.

மறுநாள் காலை கைத்தொலைபேசியை அவன் முன்னே வைத்தேன். மன்னிப்புக் கேட்பது மாமன்மார்க்குப் பழக்கமில்லாத காரியம். "இது ஏனடா விழுகுது?" என்று மட்டும் கேட்டேன். அவன் சற்று நேரம் என்னையே பார்த்தான். பிறகு, "நீங்கள் அவசரப்படுறியள் மாமா. அது மூச்சு விடும். மூச்சு விட்டு முடியுமட்டும் பொறுங்கோ" என்றான்.

சபையோரே, மூச்சு என்று அவன் சொன்னது அலைவு. தண்டுகள் இரும்பல்ல, சுருள்வில் போல் இழுபடுபவை. உச்சியிலே ஒரு திணிவைச் சேர்த்தவுடன் கோபுரம் முழுவதும் ஆடுகிறது. உயரம் கூடக்கூட ஆட்டம் மெதுவாகவும் அகலமாகவும் போகும். அது இடப்பக்கம் சாயும்போது இடப்பக்கத்திலேயே அடுத்ததை வைத்தால் சாய்வை நாமே வளர்க்கிறோம். ஆட்டம் அடங்கும்வரை பொறுத்து, சாய்வுக்கு எதிர்ப்பக்கத்திலே வைக்கவேண்டும். இதை நான் பாடத்திலே படிப்பித்திருக்கிறேன். விரலுக்குப் படிப்பிக்கவில்லை.

இரண்டாவது பாடம் முக்கோணி. நான்கு சட்டங்களை நான்கு மூலையிலும் ஆணியடித்துச் சதுரமாக்கினால், சட்டம் ஒன்றும் முறியாமலே அது சாய்சதுரமாகப் படுத்துவிடும். மூன்று சட்டம் அப்படிப் படுக்காது. மூன்று பக்கத்தின் நீளமும் தீர்ந்துவிட்டால் கோணமும் தீர்ந்துவிட்டது. சதுரத்துக்குள்ளே மூலைவிட்டம் ஒன்று போட்டால் இரண்டு முக்கோணி. ஆட்டத்திலும், நிற்கும் இரண்டு உருண்டைகளுக்கு நடுவே ஒன்றை விட்டால் அது தானே ஒரு குறுக்குத் தண்டாக மாறிவிடும். அதுதான் கூரையின் குறுக்குச் சலாகை. பையன் இதற்குப் பெயர் அறியான். ஆனால் எந்தச் சதுரம் படுக்கப் போகிறது என்பதை அது படுக்குமுன்னே காட்டினான்.

மூன்றாவதுதான் எனக்கு மிகவும் பிடித்தது. பள்ளம் ஒன்றைத் தாண்டிப் பாலம் நீட்டும் கட்டங்கள் சில உண்டு. நான் விளிம்பிலிருந்து முன்னே முன்னே நீட்டினேன். பாலம் மூக்குக்குப்புற விழுந்தது. அவன் முதலிலே பின்பக்கம் கட்டினான். "போகவேண்டியது முன்னுக்கு, நீ ஏன் பின்னுக்குக் கட்டுறாய்?" என்றேன். "பின்னுக்கு ஆள் நிக்காட்டி முன்னுக்கு எப்பிடி மாமா போறது?" என்றான். எனக்குச் சட்டென்று நம் கிணற்றடித் துலா நினைவுக்கு வந்தது. இங்கிருக்கும் பெரியோரிலே துலா மிதித்தவர்கள் உண்டு. மரத்தின் மேல் ஒருவர் பின்னே நடந்தால் பட்டை மேலே வரும். முன்னே நடந்தால் கீழே போகும். ஆள் அதே ஆள், நிறை மாறவில்லை, தூரம் மாறியது. விசையின் திருப்பம் என்பது அவ்வளவுதான்.

அன்று பின்னேரம் கொப்பியை எடுத்தோம். விளிம்புக்கு வெளியே 6 உருண்டை, சராசரி 4 தண்டுத் தூரத்தில். ஆறு நான்கு 24. பின்பக்கம் 12 உருண்டை, சராசரி 2 தண்டுத் தூரத்தில். பன்னிரண்டு இரண்டு 24. "இப்ப என்ன நடக்கும்?" என்றேன். "நிக்கும். ஆனா முன்னுக்கு இன்னும் ஒண்டு வைச்சா விழும்" என்றான். 18 புள்ளி எடுத்த பிள்ளை. அந்தச் சமன்பாட்டை அவன் முன்னரும் நூறு தடவை எழுதியிருப்பான். விழுகின்ற பொருள் ஒன்று அதற்குள் இருக்கிறது என்று அவனுக்கு யாரும் காட்டவில்லை. யாரும் என்றால், நானும்.

இந்த ஆட்டங்களுக்குள்ளே நடப்பது மந்திரமன்று. நியூற்றன் 1687இல் அச்சிட்ட விதிகளைத்தான் கணனி ஒரு செக்கனிலே பெரும்பாலும் 60 தடவை போடுகிறது. ஒவ்வொரு பொருளிலும் என்ன விசை, அதனால் என்ன ஆர்முடுகல், வேகம் எவ்வளவு மாறும், அடுத்த கணம் எங்கே நிற்கும் என்று பார்த்துப் படத்தை வரைகிறது. 1993இலேயே 'இன்கிரெடிபிள் மெஷின்' என்ற ஆட்டத்திலே கப்பியும் பட்டியும் பந்தும் வைத்து இதன் முன்னோடி வந்துவிட்டது.

நான் சொன்ன ஆட்டத்தின் பிறப்பும் இளைஞர்கள் அறியத்தக்கது. 2005இல் அமெரிக்காவின் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்திலே நான்கு மாணவர்கள் ஒரு விரதம் பூண்டார்கள்: ஓர் ஆட்டத்தை ஒருவர் தனியாக, ஏழு நாளுக்குள் செய்து முடிக்கவேண்டும். ஒரு தவணைக்குள் ஐம்பதுக்கு மேற்பட்டவை செய்தார்கள். அவற்றுள் ஒன்று கைல் கேப்லர் என்பவரின் பசைக் கோபுரம். பின்னர் அவரும் ரொன் கார்மல் என்பவரும் பெரிய நிறுவன வேலையை விட்டு, இருவராக, கோப்பிக் கடைகளிலே இருந்து அதை வளர்த்து 2008இல் வெளியிட்டார்கள்.

அடுத்த ஆண்டு பின்லாந்திலிருந்து 'அங்ரி பேர்ட்ஸ்' வந்தது. பறவையைக் கவணிலே வைத்து எறிவது. நம்மூர்ப் பையன்கள் கெற்றப்போல் என்பார்களே, அதுதான். எறியத்தின் பாதை பரவளைவு என்பது அதிலே கண்முன் தெரியும். ரெட் அலெய்ன் என்ற அமெரிக்கப் பௌதிகவியல் ஆசிரியர் 2010இல் அதைப் படம்படமாக அளந்தார். திரையிலே அளவுகோல் இல்லையே! விழும் ஆர்முடுகல் பூமியில் உள்ளதுதான் என்று வைத்துக்கொண்டு பின்னோக்கிக் கணக்கிட்டார். கவண் சுமார் 5 மீற்றர் உயரமும், சிவப்புப் பறவை சுமார் 70 சென்ரிமீற்றரும் வந்தன. கெற்றப்போல் பனங்கன்று உயரம், குருவி ஆட்டுக்குட்டி அளவு! வகுப்பறையிலே இதைவிட நல்ல வினாவை நான் ஒருநாளும் கொடுத்ததில்லை.

பெரியோர்க்கு இனி நான் கடன் தீர்க்கவேண்டும். விளையாட்டெல்லாம் நன்று என்று சொல்ல வரவில்லை. முடிவே இல்லாமல் கட்டம் மேல் கட்டம் அடுக்கி, நடுவே விளம்பரம் காட்டி, தோற்றவுடன் காசுக்குக் குறிப்பு விற்கின்ற ஆட்டங்கள் பல உண்டு. அவை புதிர்கள் அல்ல, கடைகள். ஓர் ஆட்டத்துக்கு முடிவு உண்டா என்று முதலிலே பாருங்கள். இரண்டாவது, விரலுக்குத் தெரிந்தது தாளிலே தானாக இறங்காது. என் மருமகன் திருப்பத்தைப் பிடித்துக்கொண்டான். மின்னியலும் ஒளியியலும் அவனைப் பழையபடியே படுத்தின. உயர்தரத்தில் பௌதிகவியலுக்கு அவனுக்குக் கிடைத்தது 'சீ'. தங்கைக்கு இன்னும் மனக்குறை உண்டு. அதிலே ஒரு பங்கு என்மேல். இப்போது கட்டடப் படம் வரையும் தொழில் படிக்கிறான்.

இளைஞர்களுக்கு ஒரு சொல். விழுந்தவுடன் விடையைத் தேடி ஓடாதீர்கள் என்று சொல்ல எனக்குத் தகுதி இல்லை. எட்டாம் இரவை உங்களிடம் சொல்லிவிட்டேன். ஆயினும் எந்தப் பக்கம் விழுந்தது, எந்த உருண்டை வைத்தபின் விழுந்தது என்று மட்டும் பார்த்துவிட்டுப் பிறகு தேடுங்கள். எனக்கு அந்தப் பார்வை வர ஏழு இரவும் ஒரு பிள்ளையும் தேவைப்பட்டன.

அந்த ஆட்டத்திலே இன்னுமோர் இடம் உண்டு. ஒவ்வொரு கட்டத்திலும் தேவைக்கு மேல் காப்பாற்றிய உருண்டைகளெல்லாம் அங்கே வந்து சேரும். அவற்றைக்கொண்டு எல்லையின்றி ஒரு கோபுரம் கட்டலாம், உயரத்தை மீற்றரிலே காட்டும். நானும் இப்போது என் கைத்தொலைபேசியிலே அதை வைத்திருக்கிறேன். மருமகன் வீட்டுக்கு வரும்போதெல்லாம் முதலிலே அதைத்தான் வாங்கிப் பார்ப்பான். போன கிழமை வந்தான். பார்த்துவிட்டு, "மாமா, இடப்பக்கம் சாயுது" என்றான். "தெரியும், பொறு. மூச்சு விடுது" என்றேன்.